வேலூர் வாட்ச் கடைக்காரர் ஒருவரைக் கண்டுபிடிப்பாளர் ஆக்க வேண்டும், உதவுங்கள்

பள்ளிகொண்டா பேத்தி கேட்டது:

வணக்கம். ஒரு குறுநாவல் எழுதிக்கொண்டிருக்கிறேன். நாயகர் முழுக்கக் கற்பனை. வேலூர் லாங் பஜார் பக்கத்துச் சந்தில் வாட்ச் ரிப்பேர் கடை. அவர் உட்கார்ந்தால் வாடிக்கையாளர் வெளியேதான் நிற்க வேண்டும், அவ்வளவுதான் இடம். 1931-ல் பிறந்தவர், ஆறாவதோடு படிப்பு நின்றுவிட்டது. கடையைச் சாத்தியபிறகு வீட்டில் நேரத்தையும் வெளிச்சத்தையும் வைத்து ஏதேதோ கருவிகள் செய்கிறார். ஊரில் அவருக்கு ‘மணிக்காரர்’ என்று பெயர்.

இதுவரை எழுதியது: 1955-ல் ஒரு எச்எம்டி வாட்சைப் பிரிக்கும்போது அவருக்குப் பொறி தட்டுகிறது. அப்புறம் ஜவ்வாது மலைக்குப் போய் காவலூர் தொலைநோக்கியைப் பார்க்கிறார். திரும்பி வந்து, மாலை வெயிலை ஒரு கண்ணாடிப் பெட்டிக்குள் பிடித்து வைத்து ராத்திரியில் திறந்துவிடும் கருவியைச் செய்கிறார். கரண்ட் போன வீட்டில் சாயங்கால வெளிச்சம் பரவுகிறது. எனக்கு ரொம்பப் பிடித்த அத்தியாயம் இது.

படித்த தோழி, “இது மந்திரவாதி கதைடி, மெக்கானிக் கதை இல்லை” என்றாள். சுருக்கென்றது, ஆனால் சரிதான். வாட்சின் பின்மூடியைத் திறந்தால் உள்ளே என்ன இருக்கும் என்றே எனக்குத் தெரியாது. அம்மா வழியில் பள்ளிகொண்டா எங்கள் ஊர், நான் வளர்ந்ததெல்லாம் சென்னை.

என் கேள்வி இதுதான். அந்தக் காலத்து வட ஆற்காட்டில் இப்படி ஒரு ஆள் இருந்திருந்தால், நேரம், வெளிச்சம் இரண்டும் ஒன்றாக அவர் கைக்கு எங்கே அகப்பட்டிருக்கும்? எதைப் பார்த்து எதைச் செய்திருப்பார்?

சத்துவாச்சாரிவாசி:

முதலில் சின்னத் திருத்தங்கள். 1955-ல் எச்எம்டி வாட்ச் கிடையாது. பெங்களூரில் வாட்ச் தொழிற்சாலை ஆரம்பித்ததே 1961-ல்தான். அதற்கு முன் கைக்கு வந்தது பெரும்பாலும் சுவிஸ் சரக்கு. காவலூரும் அப்படித்தான்: முதல் தொலைநோக்கி, 38 சென்டிமீட்டர் குறுக்களவுள்ளது, அங்கே வந்தது 1968-ல். 1955-ல் உங்கள் ஆள் மலை ஏறியிருந்தால் சந்தன மரத்தைப் பார்த்துவிட்டு இறங்கியிருப்பார்.

‘வேலூர் மாவட்டம்’ என்றும் எழுதிவிடாதீர்கள். 1989 வரை திருவண்ணாமலையும் சேர்ந்து ஒரே வட ஆற்காடு. காவலூர் இப்போது திருப்பத்தூர் மாவட்டக் கணக்கில் இருக்கிறது.

பெயரையும் மாற்றுங்கள். ‘மணிக்காரர்’ என்றால் எங்கள் பக்கத்தில் பாதிப் பேர் ‘மணியக்காரர்’ என்று படித்து, வரி வசூலிக்கிற ஆள் என்று நினைத்துவிடுவார்கள்.

வாட்ச்கடை மகன்:

உங்கள் கேள்வியை நாலு தரம் படித்தேன். என் அப்பாவுக்கு அப்படி ஒரு கடைதான் இருந்தது, எந்தத் தெரு என்று சொல்லவில்லை. எனக்கு இப்போது அறுபத்து மூன்று. நான் வாட்ச் தொழிலுக்குப் போகவில்லை, ஆனால் பத்து வயது வரை பள்ளிக்கூடம் விட்டதும் அந்தக் கடைப் பலகையில்தான் கிடப்பேன்.

நேரமும் வெளிச்சமும் ஒன்றாக எங்கே அகப்பட்டிருக்கும் என்று கேட்டிருக்கிறீர்கள். டென்ட் கொட்டாயில்.

குடியாத்தம் போகிற வழியில் ஒரு கிராமத்துக்கு டூரிங் டாக்கீஸ் வந்திருந்தது. ஸ்பீக்கரில் சாமி பாட்டு போட்டால் டிக்கெட் கொடுக்க ஆரம்பித்துவிட்டார்கள் என்று அர்த்தம். ஒருநாள் அங்கிருந்து ஆபரேட்டர் சைக்கிளில் கடைக்கே வந்துவிட்டார். படம் குதிக்கிறது, கதாநாயகி முகம் மேலும் கீழும் ஆடுகிறது, ஜனங்கள் மணலை வாரி இறைக்கிறார்கள், மெட்ராஸிலிருந்து மெக்கானிக் வர நாலு நாள் ஆகும் என்றார். அப்பாவுக்கு சினிமா மெஷின் தெரியாது. “சின்னச் சக்கரம்தானே, பார்க்கலாம்” என்று என்னையும் பின்னால் ஏற்றிக்கொண்டு போனார்.

மூடியைக் கழற்றி டார்ச் அடித்துப் பார்த்தவர் சிரித்துவிட்டார். “டேய், இது பாக்கெட் வாட்ச்டா” என்றார்.

அது என்னவென்று விவரமாகச் சொல்கிறேன், உங்கள் கதைக்கு இதுதான் முதுகெலும்பு ஆகும் என்று எனக்குத் தோன்றுகிறது. பழைய நல்ல பாக்கெட் வாட்சில் மெயின் ஸ்பிரிங் சுருண்டிருக்கும் டப்பாவின் தலையில் ஒரு சின்னப் பூ மாதிரி சக்கரம் இருக்கும். சாவி கொடுக்கும்போது ஒவ்வொரு சுற்றுக்கும் விரல் மாதிரி ஒரு உலோகத் துண்டு வந்து அந்தப் பூவை ஒரு இதழ் தள்ளிவிட்டுப் போகும். ஒரே ஒரு இதழ் மட்டும் குழிவில்லாமல் மேடாக இருக்கும். நாலைந்து சுற்றில் விரல் அதில் முட்டி நின்றுவிடும், அதற்கு மேல் சாவி ஏறாது, ஸ்பிரிங் அறுந்துபோகாது. சுவிட்சர்லாந்து ஜெனீவாக்காரர்கள் செய்த வேலை, அதனால் அந்த ஊர்ப் பெயரே அதற்கு நின்றுவிட்டது.

சினிமா மெஷினில் அதே பூ. இதழ் நாலு, முட்டி நிற்கிற மேடு மட்டும் கிடையாது. விரல் ஓயாமல் சுற்றும். ஒரு சுற்றுக்கு ஒருமுறை பூவைக் கால் திருப்பு திருப்பும். பிலிம் ஒரு படம் இறங்கும். நொடிக்கு 24 தடவை. விரல் சுற்றுகிற நேரத்தில் கால் பங்குதான் பிலிம் நகரும், முக்கால் பங்கு அசையாமல் நிற்கும். நகருகிற கால் பங்கில் ஷட்டர் இறக்கை வந்து வெளிச்சத்தை மறைத்துவிடும், அதனால் பிலிம் ஓடுவது நம் கண்ணுக்குத் தெரியவே தெரியாது. இன்னொரு இறக்கை, படம் நின்றிருக்கும்போதே நடுவில் ஒருதரம் மறைக்கும். அதாவது நொடிக்கு 48 தடவை திரை இருட்டாகிறது. அரை ரூபாய் கொடுத்து உட்கார்ந்தவன் பாதிப் படம் இருட்டைத்தான் பார்க்கிறான் என்று அப்பா பின்னால் பலபேரிடம் சொல்லிச் சிரித்திருக்கிறார்.

விரலின் நுனி தேய்ந்திருந்தது, அதுதான் கோளாறு. கடைக்குக் கொண்டுவந்து, ஊர்க் கடிகாரங்களுக்கு வைத்திருந்த சின்ன லேத்தில் எஃகுக் கம்பியைக் கடைந்து புது நுனி போட்டார். ராத்திரி இரண்டாம் ஆட்டத்துக்குப் படம் ஆடாமல் நின்றது. அந்தக் கொட்டாய்க்காரர் கூலி என்று ஒரு பைசா தரவில்லை. இரண்டு வாரத்துக்கு ஓசிப் பாஸ் கொடுத்தார், அதுவும் தரை டிக்கெட். அம்மா அந்தக் கணக்கைச் சாகும்வரை மறக்கவில்லை.

உங்கள் ஆளை அங்கே கொண்டுபோய் நிறுத்துங்கள். அந்த மெஷினுக்கு வெளிச்சம் தரும் ஆர்க் விளக்கில் இரண்டு கரிக்குச்சிகள் நடுவே எரியும் வெளிச்சத்தைக் கறுப்புக் கண்ணாடி வழியாகத்தான் பார்க்க முடியும். குச்சி எரிந்து குறையக் குறைய ஆபரேட்டர் இடைவெளியைச் சரிசெய்துகொண்டே இருக்க வேண்டும். கடையில் அவ்வளவு நாள் நேரத்தை மட்டும் பழுதுபார்த்த ஆள், அதே சக்கரம் வெளிச்சத்தை வெட்டி வெட்டிப் போடுவதைப் பார்க்கிறார். பொறி தட்டுவதற்கு இது போதாதா?

உங்கள் வெயில் பெட்டி பற்றியும் ஒன்று. அது மந்திரம் இல்லை, அப்பாவின் டிராயரில் இருந்தது. முள்ளிலும் எண்ணிலும் பூசும் சாயம். துத்தநாக சல்பைடு சேர்ந்த பொடி; வெயிலில் காட்டிவிட்டு இருட்டில் வைத்தால் கொஞ்ச நேரம் பச்சையாக ஒளிரும். வாங்கிய வெளிச்சத்தை மெதுவாகத் திருப்பிக் கொடுக்கிறது, அவ்வளவுதான். நம் ஊரில் லாரிக்குப் பின்னால் ஒட்டுகிற ஸ்டிக்கரைக்கூட ‘ரேடியம்’ என்கிறோமே, அந்தப் பேச்சு இந்த வாட்ச் டயலிலிருந்து வந்ததுதான். பழைய டயல்களில் நிஜமாகவே ரேடியம் இருந்தது. அதுவே பொடியை ராத்திரி முழுக்க எரிய வைத்தது, வெயிலே வேண்டாம். சில பத்தாண்டுகளில் பொடி கருகி டயல் ஒளிர்வது நின்றுவிடும், ரேடியம் மட்டும் ஓயாது. அது பாதியாகக் குறையவே 1,600 வருஷம் ஆகும். அமெரிக்காவில் டயலுக்குச் சாயம் தீட்டிய பெண்கள் பிரஷ் நுனியை உதட்டில் வைத்துக் கூராக்கி, தாடை எலும்பு அரித்துச் செத்திருக்கிறார்கள். அதனால் உங்கள் ஆள் பழைய டயலைச் சுரண்டிப் பொடி சேர்ப்பதாக மட்டும் எழுதாதீர்கள். எழுதினால் அவருக்குப் பின்னால் என்ன ஆகும் என்பதையும் எழுத வேண்டியிருக்கும்.

அப்புறம், வேலூர் வெயிலை விட்டுவிடாதீர்கள். பழைய வாட்சில் ஹேர்ஸ்பிரிங், அதாவது ஓட்டத்தின் வேகத்தைக் கட்டுப்படுத்தும் மயிரிழை ஸ்பிரிங், சாதா எஃகு. சூடு ஏறினால் அது தளரும். ஒரு டிகிரி கூடினால் ஒரு நாளில் பத்து நொடி போலப் பின்தங்கும். மே மாதம் எங்கள் கடை வாசலில், “நீ ரிப்பேர் பண்ணியும் லேட்டா ஓடுது” என்று சண்டைக்கு நிற்பார்கள். சூட்டுக்கு அசையாத நிக்கல் எஃகைக் கண்டுபிடித்ததற்காக கில்யோம் என்பவருக்கு 1920-ல் இயற்பியல் நோபல் கொடுத்தார்கள். எங்கள் கடைச் சண்டை நோபல் வரைக்கும் போன விஷயம் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

ஓய்வுபெற்ற பிசிக்ஸ் வாத்தியார்:

மேலே எழுதியவருக்கு ஒரு கும்பிடு. நான் அந்தப் பூவைக் கரும்பலகையில் வரைந்து எத்தனையோ வருஷம் சொல்லிக்கொடுத்தேன், ஒருநாளும் இப்படிப் புரியவைத்ததில்லை.

பேத்தி, உங்கள் நாயகர் பல்சக்கரம் வெட்டுகிற ஆள். அவருக்கு ஏற்ற சோதனை ஒன்று இருக்கிறது. ஒளியின் வேகத்தை அளக்க 1849-ல் பிரான்ஸில் ஃபிஸோ என்ற இயற்பியலாளர் செய்தது. 720 பல் கொண்ட சக்கரம். ஒரு பல் இடுக்கு வழியாக வெளிச்சத்தை அனுப்பி, 8,633 மீட்டர் தள்ளி ஒரு குன்றில் வைத்த கண்ணாடியில் பட்டுத் திரும்ப வைத்தார். சக்கரம் மெதுவாகச் சுற்றினால் போன இடுக்கு வழியாகவே வெளிச்சம் திரும்பிவிடும். வேகத்தைக் கூட்டிக்கொண்டே போனால் ஒரு கட்டத்தில், வெளிச்சம் போய்வருவதற்குள் பக்கத்துப் பல் வந்து அடைத்துக்கொள்ளும், கண்ணுக்கு இருட்டு. நொடிக்கு 12.6 சுற்றில் அப்படி ஆனது. கணக்கை நீங்களே போடலாம்: 12.6 × 720 × 2, அதாவது நொடியில் சுமார் 18,144-ல் ஒரு பங்கு நேரத்தில் ஒளி 17 கிலோமீட்டருக்கு மேல் போய்வந்திருக்கிறது. நொடிக்கு 3,13,000 கிலோமீட்டர் என்று வருகிறது. இன்றைய அளவைவிட 4, 5 சதவீதம்தான் கூடுதல். எடை தொங்கவிட்டு ஓட்டிய சக்கரம் அது, சுவர்க் கடிகாரத்தின் உறவுதான்.

வேலூரைச் சுற்றி மலைக்கா பஞ்சம்? கோட்டை மலை மேல் ஆர்க் விளக்கு, எதிரே எட்டு ஒன்பது கிலோமீட்டரில் ஒரு குன்றில் கண்ணாடி. எந்தக் குன்று என்று வரைபடத்தில் அளந்து தேர்ந்தெடுத்துக்கொள்ளுங்கள். 720 பல் வெட்டத் தெரிந்த ஆளுக்கு மீதியெல்லாம் ஆள் பிடிக்கிற பிரச்சினைதான். ராத்திரியில் கண்ணாடியைப் பிடித்துக்கொண்டு குன்றின் மேல் உட்காரச் சம்மதிக்கிற மச்சினன் ஒருவன் வேண்டும்.

வெயில் பெட்டிக்கு எனக்கும் ஒன்று தோன்றுகிறது. 1999-ல் அமெரிக்காவில் ஒரு குழு மிகக் குளிர்ந்த சோடியம் அணுக் கூட்டத்துக்குள் ஒளியை நொடிக்கு 17 மீட்டராகக் குறைத்துக் காட்டியது. மணிக்கு 61 கிலோமீட்டர், நம் ஆற்காடு பஸ் வேகம். உங்கள் நாயகர் உயிரோடு இருந்தால் அப்போது 68 வயது. செய்தித்தாளில் இதைப் படித்துவிட்டு அவர் என்ன சொல்லுவார் என்பதைக் கதைக்கு விட்டுவிடுகிறேன்.

காவலூரை முழுக்க வெட்டிவிட வேண்டாம், 1977-க்குத் தள்ளுங்கள். மார்ச் 10 அன்று யுரேனஸ் ஒரு நட்சத்திரத்தை மறைத்தபோது, மறைப்பதற்கு முன்னும் பின்னும் நட்சத்திர வெளிச்சம் கொஞ்சம் கொஞ்சம் மங்கி எழுந்தது. எந்த நொடியில் மங்கியது என்பதை வைத்துத்தான் யுரேனஸுக்கு வளையங்கள் இருப்பது தெரிந்தது. அதைப் பதிவுசெய்த இடங்களில் காவலூரும் ஒன்று. வெளிச்சத்துக்கு நேரம் குறித்தே ஒரு கிரகத்தின் நகையைக் கண்டுபிடித்திருக்கிறார்கள்.

நிழல் கடிகாரமும் சேருங்கள். அதன் முள்ளை அந்தந்த ஊரின் அட்சரேகைக்குச் சமமாகச் சாய்க்க வேண்டும். லண்டனில் 51 டிகிரிக்கு மேல் நிமிர்ந்து நிற்கும். வேலூரில் 13 டிகிரிதான், கிட்டத்தட்டப் படுத்துக்கொள்ளும். அது காட்டும் நேரமும் கைக்கடிகாரமும் ஒத்துப்போகாது. இந்திய நேரம் 82½ டிகிரி தீர்க்கரேகைக்கு வைத்தது. நாம் 79-ஐக் கொஞ்சம் தாண்டி இருக்கிறோம். ஆகவே வேலூரில் உச்சிப்பொழுது சராசரியாக 12 மணி 13½ நிமிடத்துக்கு. அதுவும் நிற்காது, பிப்ரவரி நடுவில் 12.28 வரை போகும், நவம்பர் முதல் வாரத்தில் 11.57-க்கே வந்துவிடும்.

பள்ளிகொண்டா பேத்தி:

மூன்று பேருக்கும் நன்றி. எழுதிய நாற்பது பக்கத்தில் முப்பதைக் கிழித்தாயிற்று. கொட்டாய் அத்தியாயத்தை இன்றைக்கே ஆரம்பித்துவிட்டேன், பெயரையும் எடுத்துவிட்டேன்.

வாட்ச்கடை அண்ணாவிடம் ஒன்று கேட்கட்டுமா? அப்பா தானாக ஏதாவது செய்தாரா? மற்றவர்களுக்குப் பழுதுபார்த்தது இல்லை, தனக்கென்று.

வாட்ச்கடை மகன்:

கருவி என்று ஒன்றும் செய்யவில்லைம்மா. ஓட்டில் ஒரு ஓட்டை போட்டார்.

எங்கள் வீடு சீமை ஓடு, சிவப்பு சிமென்ட் தரை. கூடத்துக்கு மேலே ஒரு ஓடு மட்டும் எடுத்துவிட்டு, நடுவில் துளை போட்ட தகரத்தை வைத்தார். வெயில் உள்ளே வந்து தரையில் ஒரு வட்டம் விழும். சுவர்க் கடிகாரத்தை ஆகாசவாணி பீப் சத்தத்துக்குச் சரிவைத்து, சரியாக 12.15-க்கு அந்த வட்டத்தின் நடுவில் சாக்பீஸால் ஒரு புள்ளி வைப்பார். கடையிலிருந்து சாப்பிட வருவதே அந்தப் புள்ளிக்காகத்தான். வெள்ளிக்கிழமை அம்மா வீடு கழுவுவார், புள்ளி போய்விடும். இரண்டு வெள்ளி பொறுத்தார். அப்புறம் வாட்ச் டயலுக்கு வைத்திருந்த வெள்ளை எனாமலில் வைக்க ஆரம்பித்தார். ஒரு மாதம் அம்மா பேசவில்லை.

தினமும் ஒரே நேரம்தான், ஆனால் புள்ளி நேர்கோட்டில் போகவில்லை. வாத்தியார் சொன்ன பிப்ரவரி, நவம்பர் வித்தியாசம் இருக்கிறதே, அது தரையில் வளைந்து வளைந்து வந்தது. வருஷம் முடிந்தபோது கூடத்தில் ஒல்லியாக ஒரு எட்டு. நீளம் ஒன்பதடி, அகலம் அதிகம் போனால் ஒன்றரை அடி. வடக்கே பெரிய வட்டம், தெற்கே சின்ன வட்டம். எட்டின் இடுப்பில் கோடு குறுக்கே வெட்டும் இடத்துக்குப் புள்ளி இரண்டு தடவை வந்தது: ஒன்று சித்திரை பிறக்கிற சமயம், இன்னொன்று ஆகஸ்ட் கடைசியில். ஏப்ரல் 24 வாக்கிலும் ஆகஸ்ட் 18 வாக்கிலும் ஓட்டைக்கு நேர் கீழே கயிறு கட்டித் தொங்கவிட்ட மாதிரி விழுந்தது. அன்றைக்கு உச்சியில் கொல்லையில் நட்ட கம்புக்கு நிழலே கிடையாது.

எட்டு முழுசாக இல்லை. ஐப்பசி, கார்த்திகை மழையில் வெயில் எங்கே வந்தது? பெரிய வட்டத்தின் ஒரு பக்கத்தில் பத்திருபது புள்ளிக்கு இடம் வெறுமையாக இருந்தது. அடுத்த வருஷம் நிரப்புகிறேன் என்றார், அந்த வருஷமும் அதே மாதத்தில்தான் மழை.

கதையில் வைப்பதானால் துளையைப் பென்சில் நுழைகிற அளவுக்கு வையுங்கள். சதுரமாக வெட்டினாலும் தரையில் வட்டம்தான் விழும், ஏனென்றால் அது துளையின் வடிவம் இல்லை, சூரியனின் உருவம். பத்தடி உயரத்திலிருந்து விழுந்தால் ஒரு அங்குலத்துக்குக் கொஞ்சம் கூடுதல் அகலம் இருக்கும். கிரகணத்தன்று அதுவும் கடித்த பிஸ்கெட் மாதிரி ஆகும், அதை அப்பா எங்களுக்கு அந்தத் தரையில்தான் காட்டினார். தகரத்தை ஓட்டுக்கு அடியில் ஆணி அடித்து வையுங்கள், மேலே வைத்தால் அணில் தள்ளிவிட்டுப் போய்விடும். எங்கள் வீட்டில் இரண்டு தடவை தள்ளியது.